கேரி ஆப்லெட்: ஆயிரம் கோல் அடித்த மிட்ஃபீல்டரா?

ஆஸ்திரேலிய கால்பந்து வீரர்களின் பட்டியலில் கேரி ஆப்லெட் என்ற மிட்ஃபீல்டர் (நடுக்கள ஆட்டக்காரர்) பெயரில் இவ்வளவு கோல் வருகிறதே, சரிதானா என்று கேட்டிருந்தீர்கள். ஆயிரத்துக்கும் மேல் கோல், கூடவே 2 பிரௌன்லோ பதக்கம் (லீக்கில் அந்த ஆண்டின் சிறந்த வீரருக்கான விருது) என்று உங்கள் பட்டியலில் வருவது ஒருவர் கணக்கு இல்லை, இருவருடையது. கோல்கள் அப்பாவுடையவை. பதக்கங்கள் (2009, 2013) மிட்ஃபீல்டரான மகனுடையவை. இருவர் பெயரும் கேரி ஆப்லெட்தான். பெயரை வைத்துத் தேடியதில் இருவரின் வரிகளும் ஒன்றாக ஒட்டிக்கொண்டிருக்கும்.

அணியை வைத்துப் பிரிக்க முடியாது, இருவருமே ஜீலாங்கில் ஆடியவர்கள். ஆண்டைப் பாருங்கள். அப்பா 1996-லேயே முடித்துவிட்டார், மகன் தொடங்கியது 2002-ல். சட்டை எண் இருந்தால் இன்னும் சுலபம்: ஜீலாங்கில் அப்பாவுக்கு 5, மகனுக்கு முதலில் 29, கோல்ட் கோஸ்ட் அணிக்குப் போய்த் திரும்பிய பிறகு 4.

ஒன்று கவனம்: பிரித்த பிறகு இரண்டு பதக்கத்தையும் ஜீலாங் கணக்கில் போட்டுவிடாதீர்கள். 2013-ல் வாங்கியது கோல்ட் கோஸ்டுக்கு ஆடும்போது. அப்பாவுக்கோ பிரௌன்லோ கிடைக்கவே இல்லை, பாவம்.