மார்ட்டின் பாட்சர் பைலட்டாக வேண்டியவரா?

ஆமாம், இந்த ஜெர்மன் திரைப்பட இசையமைப்பாளர் முதலில் விமானி ஆகத்தான் ஆசைப்பட்டார். 1927-ல் பெர்லினில் பிறந்தவர். பதினேழு வயதில் ஜெர்மன் விமானப்படையில் சேர்ந்தார். அதற்குள் இரண்டாம் உலகப் போர் முடிந்து, போர்க்கைதி ஆகிவிட்டார். முகாமில் கையில் கிடைத்தது ஒரு கிட்டார். அதைத் தானாகவே வாசித்துப் பழகினார்.

வெளியே வந்ததும் ஹாம்பர்க் வானொலி இசைக்குழுவில் கிட்டார் கலைஞர் வேலை. அப்புறம் மூத்த இசையமைப்பாளர்களிடம் இசைக்கோர்ப்பு கற்றுக்கொண்டு, 1955-ல் முதல் படம்.

பெயர் வாங்கிக் கொடுத்தது 1962-ல் வந்த 'வெள்ளி ஏரியின் புதையல்' படம். ஜெர்மன் சாகசக் கதை எழுத்தாளர் கார்ல் மேயின் கதை. அமெரிக்க மேற்கில் நடப்பதாகச் சொல்லி யுகோஸ்லாவியாவில் எடுத்தார்கள்! அந்த ஊர் மலைகளை அமெரிக்கா என்று நம்ப வைத்ததில் பாதிப் பங்கு இசைக்குத்தான் என்பேன். குதிரை நடைபோல் ஒரு தாளம், அதன்மேல் அவசரமே இல்லாத மவுத் ஆர்கன், பின்னால் வயலின்கள் விரிந்துகொண்டே போகும். கதாநாயகன் பெயரில் வந்த 'ஓல்டு ஷாட்டர்ஹேண்டு' மெட்டு அதுதான். இசைத்தட்டாகவும் சக்கைப்போடு போட்டது. கார்ல் மே படங்கள் மொத்தம் பத்துக்கு இவர் இசை.

பிறகு பெரும்பாலும் தொலைக்காட்சித் தொடர்கள். 2019-ல் காலமானார்.