3எம் இயர் பிளக் பணத்தைத் தவறவிட்டவருக்கு இன்னும் என்ன வழி?

கேள்வி: 2011 முதல் 2015 வரை அமெரிக்க ராணுவத்தில் இருந்தேன். தமிழ் தெரியும் என்பதால் மாவ்னி திட்டத்தில் (தேவையான மொழி தெரிந்த வெளிநாட்டவரை ராணுவத்தில் சேர்க்கும் திட்டம்) சேர்ந்தவன். ஆப்கானிஸ்தானில் ஓராண்டு. சத்தத்தைத் தடுக்கக் காதில் செருக, மஞ்சள் முனையும் பச்சை முனையும் கொண்ட இயர் பிளக்தான் கொடுத்தார்கள். இப்போது வலது காதில் ஓயாத இரைச்சல். கூட்டத்தில் பேச்சு புரிவதில்லை. கூட இருந்தவர்களுக்கு அந்த பிளக்கை விற்ற 3எம் நிறுவனம் பணம் கொடுத்ததாம். பிளக் இப்போது என்னிடம் இல்லை. நானும் கேட்க முடியுமா?

பதில்: 3எம் சமரசத் தொகையில் பங்கு பெறுவதற்கான பதிவு 2024 தொடக்கத்திலேயே முடிந்துவிட்டது. வீண் நம்பிக்கையில் இன்னொரு வருடம் போய்விடக் கூடாது என்பதால் இதை முதலில் சொல்கிறேன். படைவீரர் நலத்துறை, அதாவது விஏ தரும் மாத இழப்பீடு வேறு. அதற்கு விண்ணப்பிக்கக் கெடு எதுவும் இல்லை.

உங்கள் நண்பர்களுக்குக் கிடைத்தது எப்படி என்றால், இந்த பிளக்கின் தண்டு குட்டை என்பதுதான் 3எம் மீது வீரர்கள் போட்ட வழக்கின் மையம். உள்ளே செருகியதும் வெளியே நிற்கும் முனையின் விளிம்பு காது வாயிலில் அழுந்தி, மறுபடி விரியும்போது பிளக்கை மெல்ல நெகிழ்த்திவிடும், போட்டிருப்பவருக்கே தெரியாது. 2018இல் இந்தக் குறைபாட்டைச் சொல்லாமல் ராணுவத்துக்கு விற்றதாக எழுந்த குற்றச்சாட்டை 3எம் அரசுக்கு 91 லட்சம் டாலர் கொடுத்து முடித்துக்கொண்டது. பிறகு லட்சக்கணக்கான வீரர்களின் வழக்குகள் புளோரிடாவின் பென்சகோலா நீதிமன்றத்தில் ஒன்றுசேர்ந்தன. 2023 ஆகஸ்டில் 601 கோடி டாலருக்கு சமரசம் ஆனது. தவறை நிறுவனம் கடைசிவரை ஒப்புக்கொள்ளவில்லை.

விஏவிடம் பிளக் பழுதானது என்று நிரூபிக்கவே வேண்டாம். மூன்று விஷயம் போதும்: இப்போது பாதிப்பு இருக்கிறது, பணியில் பெருஞ்சத்தத்துக்கு ஆளானீர்கள், இரண்டுக்கும் தொடர்பு உண்டு. எந்தப் பணிப்பிரிவில் எவ்வளவு சத்தம் என்று விஏவிடமே பட்டியல் இருக்கிறது. வெளியேறும்போது எடுத்த காதுப் பரிசோதனை சரியாக இருந்தது என்பதை மட்டும் வைத்து மறுக்க முடியாது. 1993இலேயே நீதிமன்றம் அப்படிச் சொல்லிவிட்டது.

இந்த வாரமே 21-0966 படிவத்தைக் கொடுத்துவிடுங்கள். "விண்ணப்பிக்கப் போகிறேன்" என்ற அறிவிப்பு அது. ஓராண்டுக்குள் முழு விண்ணப்பத்தையும் (படிவம் 21-526ஈஇசட்) கொடுத்தால், பொதுவாக அறிவிப்புத் தேதியிலிருந்தே பணம் கணக்காகும்.

இரைச்சலைக் காட்டும் கருவி கிடையாது. நீங்கள் கேட்பதாகச் சொல்வதே சாட்சியம். எப்போது தொடங்கியது, தூக்கத்தையும் வேலையையும் எப்படிக் கெடுக்கிறது என்று உங்கள் வார்த்தையில் எழுதுங்கள். உடன் பணியாற்றிய ஒருவரும், வீட்டில் மனைவியும் 21-10210 படிவத்தில் எழுதித் தந்தால் நல்லது. "காதுப் பாதுகாப்பு அணிந்திருந்தேன்" என்று மட்டும் சொல்லி நிறுத்தாதீர்கள். பாதிப்பு ஏற்பட்டிருக்காது என்று பரிசோதகர் முடிவுகட்ட அது இடம் கொடுக்கும். பிளக் நெகிழ்ந்தது உங்கள் நினைவில் இருந்தால், அதையும் எழுதுங்கள்.

அடுத்து விஏ ஏற்பாடு செய்யும் பரிசோதனை. அந்தத் தேதியைத் தவறவிட்டால் விண்ணப்பமே விழுந்துவிடலாம். ஹியரிங் எய்டு இல்லாமல்தான் சோதிப்பார்கள். ஒலிக்கான சோதனையோடு, ஆங்கிலச் சொற்களைக் கேட்டுத் திருப்பிச் சொல்லும் சோதனையும் உண்டு. தாய்மொழி ஆங்கிலம் இல்லாத நம்மவர்கள் இங்கே கவனமாக இருக்க வேண்டும். மொழிச் சிக்கலால் இந்தச் சொல் சோதனை பொருந்தாது என்று பரிசோதகர் சான்றளித்தால், ஒலி அளவை மட்டும் வைத்து மதிப்பிட விஏ விதியில் தனி அட்டவணையே இருக்கிறது. பலருக்கு இது தெரியாது. சொற்கள் காதில் விழாமல் தவறுகிறதா, பழக்கமில்லாத சொல் என்பதால் தவறுகிறதா என்று அங்கேயே சொல்லுங்கள், குறிப்பில் எழுதவும் கேளுங்கள்.

எவ்வளவு வரும்? பாதிப்பின் அளவை விஏ சதவீதத்தில் மதிப்பிட்டு, அதற்கேற்பப் பணம் தரும். இரைச்சலுக்கு ஒரு காதானாலும் இரண்டானாலும் 10 சதவீதம்தான். 2025இல் அது மாதம் 175.51 டாலராக இருந்தது. வரி இல்லை. செவித்திறன் குறைவுக்குப் பெரும்பாலும் பூஜ்ஜிய சதவீதம் என்றே தீர்ப்பு வருகிறது. அதைப் பார்த்து மனம் உடைய வேண்டாம். பாதிப்பு பணியால் வந்தது என்று பதிவாகிவிடுகிறது. விஏ மருத்துவத்தில் ஹியரிங் எய்டும் பேட்டரியும் இலவசமாகக் கிடைக்கும். பின்னாளில் மோசமானால் உயர்த்தக் கேட்கலாம். உங்கள் நண்பர்களிடமும் சொல்லுங்கள்: 3எம் பணம் வாங்கியதால் இந்த மாத இழப்பீடு குறையாது.

முதல் விண்ணப்பத்துக்கு யாருக்கும் கட்டணம் கொடுக்காதீர்கள். அதற்குக் கட்டணம் வாங்கச் சட்டத்தில் இடமில்லை. அமெரிக்கன் லீஜன், டிஏவி போன்ற முன்னாள் படைவீரர் அமைப்புகளின் அங்கீகாரம் பெற்ற பிரதிநிதிகள் இலவசமாகவே செய்து தருவார்கள். மறுப்புக் கடிதம் வந்தாலும் ஓராண்டு அவகாசம் உண்டு. புதிய சான்று இருந்தால் 20-0995 படிவம், இல்லாமல் மறுபரிசீலனை மட்டும் கேட்பதானால் 20-0996 படிவம்.