ஊராட்சி லைசென்ஸ் இருந்தால் அடுத்தவர் கிணற்றைக் கெடுக்கலாமா?

கேள்வி: ஆனைமலைப் பக்கம் எங்கள் தென்னந்தோப்பு. ஒட்டின மாதிரி ஒரு மஞ்சி மில் (தேங்காய் மட்டையிலிருந்து நார் எடுக்கிற மில்) இருக்கிறது. ஆரம்பத்தில் நார் மட்டும்தான் எடுத்தார்கள், இப்போது இரண்டு வருடமாகப் பித்தும் (நார் எடுத்தபின் மிஞ்சுகிற மட்டைத் தூள்) கழுவுகிறார்கள். கிணற்றுத் தண்ணீர் டீத்தண்ணி நிறத்துக்கு வந்துவிட்டது. ஊராட்சித் தலைவரிடம் போனால் 'லைசென்ஸ் இருக்கு, வரி கட்டறாங்க' என்கிறார். மில்காரர் 'நாங்க வெள்ளை கேட்டகிரி, போர்டு பர்மிஷனே தேவையில்லை' என்கிறார். ஊரில் பாதிப் பேருக்கு அங்கேதான் வேலை, என்னோடு யாரும் வர மாட்டார்கள். ஒருத்தனாக என்ன செய்ய முடியும்?

பதில்: ஒருத்தராகவே நிறைய செய்யலாம். ஆனால் முதலில் அந்த லைசென்ஸ் பயத்தை விடுங்கள்.

ஊராட்சி கொடுப்பது 1994ஆம் வருட ஊராட்சிகள் சட்டப்படி, இந்த இடத்தில் மெஷின் வைத்துத் தொழில் நடத்தலாம் என்கிற அனுமதி, அவ்வளவுதான். கழிவுநீரை எங்கே விடலாம், எப்படிச் சுத்தம் செய்து விட வேண்டும் என்பதெல்லாம் அதில் வராது. அதற்கு 1974ஆம் வருட நீர் மாசு தடுப்புச் சட்டத்தின் 25ஆம் பிரிவில் தமிழ்நாடு மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்திடம் தனியாக இசைவாணை வாங்க வேண்டும், தூசு புகைக்கு 1981ஆம் வருடக் காற்றுச் சட்டத்தில் இன்னொன்று. இவர் காட்டுவது முதல் தாளை மட்டும்.

அந்த 'வெள்ளை' கதைக்கு வருவோம். எவ்வளவு மாசு வரும் என்பதை வைத்துத் தொழில்களை நிறம் நிறமாகப் பிரித்திருக்கிறார்கள், வெள்ளை என்றால் மிகக் குறைவு, ஆரஞ்சு அதைவிட அதிகம். மஞ்சி மில்கள் ஒரு காலத்தில் வெள்ளைப் பட்டியலில் இருந்தது உண்மைதான், அந்த வகைக்கு வாரியத்துக்குத் தகவல் கொடுத்தாலே போதும். 2021ல் தமிழ்நாட்டில் அதை ஆரஞ்சுக்கு மாற்றினார்கள், இசைவாணை கட்டாயமானது. உங்கள் விஷயத்தில் பட்டியலையும் தாண்டி ஒன்று இருக்கிறது: அவர் பித் கழுவுகிறார். வெளிநாட்டுக்குப் போகிற பித்தில் உப்பு குறைவாக இருக்க வேண்டும் என்பதற்காகத் திரும்பத் திரும்பக் கழுவுவார்கள், அதில் உப்போடு சேர்ந்து இறங்குகிற டானின் என்கிற துவர்ப்புப் பொருள்தான் அந்தப் பழுப்பு நிறம். தரையில் தண்ணீர் இறங்காதபடி தொட்டி கட்டாமல் மண்ணிலேயே விட்டால் அது பக்கத்துக் கிணற்றுக்குத்தான் போகும். கழிவுநீரை இப்படி வெளியே விடுகிறவர் எந்தக் கலரைச் சொல்லியும் 25ஆம் பிரிவிலிருந்து தப்பிக்க முடியாது.

அதனால் இன்றைக்கே இரண்டு தகவல் உரிமை மனு எழுதுங்கள். மாவட்டச் சுற்றுச்சூழல் பொறியாளர் அலுவலகத்துக்கு ஒன்று: இந்த மில்லுக்கு இசைவாணை இருக்கிறதா, இருந்தால் நிபந்தனைகளோடு நகல், கடைசியாக ஆய்வு செய்த அறிக்கை, தண்ணீர் மாதிரி முடிவு. ஊராட்சிக்கு இன்னொன்று: லைசென்ஸ் நகல், அதில் என்ன தொழில் என்று எழுதியிருக்கிறது. நார் எடுக்க வாங்கிய லைசென்சில் பித் கழுவுவது பெரும்பாலும் இருக்காது என்பது என் ஊகம். கட்டணம் 10 ரூபாய், 30 நாளில் பதில் வர வேண்டும்.

பதில் வருகிறவரை சும்மா இருக்காதீர்கள். உங்கள் கிணற்றுத் தண்ணீரையும், மில்லுக்கு மேட்டுப்பக்கம் இருக்கிற ஏதாவது ஒரு கிணற்றுத் தண்ணீரையும் ஒரே நாளில் எடுத்துக் குடிநீர் வடிகால் வாரிய ஆய்வகத்தில் கொடுங்கள். குடிநீரில் கரைந்த உப்பு லிட்டருக்கு 500 மில்லிகிராம் வரை இருக்கலாம், வேறு தண்ணீருக்கு வழியே இல்லாத இடத்தில் 2000 வரை விடுகிறார்கள். மேட்டுக் கிணறு நன்றாக இருந்து உங்களுடையது மட்டும் எகிறியிருந்தால் அதை விடப் பேசுகிற தாள் கிடையாது. ஆனால் நீங்களே எடுத்த மாதிரியை வைத்து மில்காரரைத் தண்டிக்க முடியாது, அதற்கு வாரிய அதிகாரி முறைப்படி எடுக்க வேண்டும். அவரை நகர்த்தத்தான் உங்கள் அறிக்கை. பதிவுத் தபாலில் புகாரோடு இணைத்து அனுப்பி, அதே நீர்ச் சட்டத்தின் 33ஏ பிரிவில் நடவடிக்கை வேண்டும் என்று எழுதுங்கள். மில்லை மூடச் சொல்ல, மின் இணைப்பைத் துண்டிக்கச் சொல்ல வாரியத்துக்கு அதிகாரம் தருவது அந்தப் பிரிவு. நொய்யல் ஆறு கெட்ட வழக்கில் 2011 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் திருப்பூர்ச் சாயப்பட்டறைகளை மூடச் சொன்னபோது கரண்டையும் நிறுத்தச் சொன்னது, கரண்ட் இல்லாமல் எந்த மில்லும் ஓடாது.

வாரியம் அசையவில்லை என்றால் சென்னையில் இருக்கிற பசுமைத் தீர்ப்பாயம், சுற்றுச்சூழல் வழக்குகளை மட்டும் விசாரிக்கிற இடம். இங்கேதான் பலர் கோட்டை விடுகிறார்கள். தீர்ப்பாயச் சட்டத்தின் 14ஆம் பிரிவில் போனால் பிரச்சினை முதலில் எழுந்த நாளிலிருந்து 6 மாதம், தகுந்த காரணம் இருந்தால் இன்னும் 60 நாள். உங்களுக்கு இரண்டு வருடம் ஆகிவிட்டது, அந்தப் பிரிவை மட்டும் நம்பிப் போனால் முதல் நாளே காலாவதி என்று எதிர்த்தரப்பு எழுந்து நிற்கும். 15ஆம் பிரிவு, அதாவது இழப்பீடும் கெட்ட நிலத்தடி நீரைச் சரிசெய்வதும், அதற்கு 5 வருடம் இருக்கிறது. மனுவை அதில் போடுங்கள். இழப்பீடு கேட்டால் கேட்கிற தொகையில் 1 சதவீதம், குறைந்தது 1000 ரூபாய் கட்டணம். பாதிக்கப்பட்டவர் ஒருவர் போதும், ஊர் திரண்டு வர வேண்டியதில்லை. 1996ல் பாலாற்றுத் தோல் தொழிற்சாலைகள் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னபடி, கெடுதல் இல்லை என்று காட்ட வேண்டிய பொறுப்பு தொழில் நடத்துகிறவருடையது. கெடுத்தவர்தான் செலவையும் ஏற்க வேண்டும்.

அவசரமாகக் கழிவுநீரை நிறுத்த வருவாய்க் கோட்டாட்சியரிடம் (ஆர்டிஓ) புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம் (பிஎன்எஸ்எஸ்) 152ஆம் பிரிவில் மனு கொடுக்கலாம், பழைய 133தான் அது. ஆனால் அது பொதுத்தொல்லைக்கான பிரிவு, உங்கள் கிணற்றோடு ஓடை, பாதை, மற்றவர் கிணறு என்று எது கெட்டிருக்கிறதோ அதையும் எழுதுங்கள். கிராம சபையில் தீர்மானம் போட முயற்சி பண்ணுங்கள், பாதி ஊர் அங்கே வேலை செய்கிறபோது அது நடக்குமா என்பது சந்தேகம்தான். மில் கேட்டை மறிப்பது மட்டும் வேண்டாம், நாளைக்கு வழக்கு உங்கள் மேல்தான் வரும்.

அப்புறம், நோட்டீஸ் போனதும் மில்காரர் 'தினம் ஒரு லாரித் தண்ணி விடறோம், இதுல ஒரு கையெழுத்து' என்று வருவார். தண்ணீரை வாங்கிக்கொள்ளுங்கள். 'எனக்கு ஆட்சேபணை இல்லை' என்று எழுதின தாளில் மட்டும் கையெழுத்துப் போடாதீர்கள்.