கன்னடக் கொடி: இரண்டு நிறமா, மூன்று நிறமா?

கேள்வி: பெங்களூரில் எங்கள் அடுக்ககச் சங்கத்துக்குப் பொருளாளராக இருக்கிறேன். கர்நாடகம் உருவான நாளான நவம்பர் 1 ராஜ்யோத்சவத்துக்குக் கொடி வாங்க வேண்டும். மஞ்சள்-சிவப்புக் கொடி இனி செல்லாது, நடுவில் வெள்ளையும் முத்திரையும் உள்ள மூன்று நிறக் கொடிதான் அரசுக் கொடி என்கிறார் ஒரு தரகர். அனுமதி வாங்கித் தருவதாகவும் தனியாகப் பணம் கேட்கிறார். தேசியக் கொடிக் கம்பத்திலேயே இதையும் ஏற்றலாமா?

பதில்: முதலில், அந்தத் தரகருக்குப் பணம் கொடுத்துவிடாதீர்கள். கர்நாடகத்துக்குச் சட்டப்படி அங்கீகரித்த கொடி என்று ஒன்று இன்று வரை இல்லை. இல்லாத கொடிக்கு அனுமதிக் கட்டணம் மட்டும் எங்கிருந்து வரும்? அக்டோபர் கடைசியில் எங்கள் தெருவிலும் இப்படி ஒருவர் வீடு வீடாக வசூல் செய்துவிட்டுப் போனார். ரசீது கேட்டவர்களுக்கு வெறும் துண்டுச் சீட்டுதான் கிடைத்தது.

மஞ்சள்-சிவப்புக் கொடியை 1960-களில் உருவாக்கியவர் கன்னடப் போராளி ம. ராமமூர்த்தி. கன்னட இயக்கத்தின் கொடியாகப் பிறந்து, மக்களே தங்கள் கொடியாக எடுத்துக்கொண்டது அது. அந்த இரண்டு நிறங்களையும் அங்கே மஞ்சள், குங்குமம் என்றுதான் சொல்வார்கள். ஆட்டோவிலும் பேருந்து நிறுத்தத்திலும் பறப்பது இதுதான். தாராளமாக ஏற்றுங்கள்.

மூன்று நிறக் கொடியை 2018 மார்ச் 8 அன்று சித்தராமையா அரசு அறிமுகப்படுத்தியது. நடுவில் இருப்பது மாநில முத்திரை. அதில் கண்டபேருண்டம் என்னும் இருதலைப் பறவை, மைசூர் உடையார்களின் பழைய சின்னம். மத்திய அரசின் ஒப்புதலுக்கு அனுப்பினார்கள், ஒப்புதல் வரவில்லை. தேர்தலுக்கு இரண்டு மாதம் முன் கொடியை விரித்துக் காட்டுவது, அப்புறம் டெல்லியில் கோப்பைத் தூங்க விடுவது. இரண்டு பக்கமும் பொறுப்பில்லாமல் நடந்துகொண்டதால்தான் உங்களைப் போன்றவர்கள் தரகரிடம் மாட்டுகிறீர்கள். இன்னொன்று: அரசு முத்திரையை வியாபாரத்துக்குப் பயன்படுத்துவதை 1950-ஆம் ஆண்டின் சின்னங்கள், பெயர்கள் சட்டம் தடை செய்கிறது. முத்திரை போட்ட துணியை விற்பவர்தான் உங்களுக்குச் சட்டம் சொல்கிறார்.

சங்கக் கூட்டத்தில் யாராவது, “காஷ்மீருக்குத் தனிக் கொடி இருந்ததே” என்று கேட்பார். இருந்தது. சிவப்புத் துணியில் வெள்ளைக் கலப்பை, பக்கத்தில் மூன்று வெள்ளைக் கோடுகள். ஜம்மு, காஷ்மீர், லடாக் என்ற மூன்று பகுதிகளுக்கு அந்த மூன்று கோடுகள். அது அந்த மாநிலத்தின் சொந்த அரசியல் சட்டப்படி வந்தது. வேறு எந்த மாநிலத்துக்கும் அப்படித் தனி அரசியல் சட்டம் இருந்ததில்லை. 2019 ஆகஸ்டில், இந்திய அரசியல் சட்டத்தின் 370-ஆம் பிரிவு தந்த சிறப்பு நிலை போனபோது கொடியும் போய்விட்டது. அதைக் காட்டி இங்கே எதையும் நியாயப்படுத்த முடியாது, யார் கேட்டாலும் இதையே சொல்லுங்கள்.

தேசியக் கொடிக் கம்பத்தில் வேறு கொடி கூடாது. அதைவிட உயரமாகவும், அதன் பக்கத்திலும் கூடாது. வாசலருகே தனியாகச் சிறிய கம்பம் நட்டுவிடுங்கள்.

சரி, வாங்கும்போது துணியை விரித்துக் கயிறு கோக்கும் பக்கத்தைப் பாருங்கள். மஞ்சள் மேலே, சிவப்பு கீழே. அவசரத்தில் தைத்த கொடிகளில் கயிற்று மடிப்பு மாறிப்போய், ஏற்றியதும் சிவப்பு மேலே வந்துவிடும். கடையிலேயே ஒரு முறை தூக்கிப் பிடித்துப் பார்த்துவிட்டு வாங்குங்கள்.