களிமண் பொம்மைப் படத்தில் வெளிச்சம் துடிக்கிறதா?

களிமண் பொம்மையைக் கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்தி, ஒவ்வொரு படமாக மேனுவல் மோடில் (கேமரா தானாக எதையும் மாற்றாதபடி நாமே அமைத்து) எடுத்தும் வெளிச்சம் படத்துக்குப் படம் துடிக்கிறது என்றால், லென்ஸைத்தான் சந்தேகப்பட வேண்டும். கேமராவே இயக்கும் ஆட்டோ லென்ஸில், அபர்ச்சர் (வெளிச்சம் நுழையும் துளை) இதழ்கள் ஒவ்வொரு கிளிக்கிலும் மூடித் திறக்கும். எல்லாத் தடவையும் அச்சு அசலாக அதே அளவில் நிற்காது. நொடிக்கு 12 படம் ஓடும்போது அந்த மயிரிழை வித்தியாசம் கண்ணை உறுத்தும்.

பொம்மையைத் தொடாமல், ஜன்னலை மூடி, அபர்ச்சரை முழுக்கத் திறந்து 20 படம் எடுங்கள். முழுக்கத் திறந்திருந்தால் இதழ்கள் மூட வேண்டியதில்லை; எனவே துடிப்பு நின்றால் காரணம் அந்த இதழ்கள்தான். அப்புறம், கையால் திருகும் அபர்ச்சர் வளையமுள்ள பழைய லென்ஸ் ஒன்றை அடாப்டரோடு (கேமராவில் பொருத்த உதவும் இணைப்பு வளையம்) மாட்டுங்கள்.

நிற்கவில்லையா? உங்கள் சட்டையைப் பாருங்கள். வெள்ளைத் துணி பொம்மைமேல் வெளிச்சத்தைத் திருப்பி அடிக்கும், கறுப்பு போட்டுக்கொள்ளுங்கள்.

எடுத்த காட்சியைத் தூக்கிப் போடாதீர்கள், மென்பொருளில் சமன் செய்யலாம். நிழல் இடம் மாறியிருந்தால் மட்டும் திரும்ப எடுக்கத்தான் வேண்டும்.