கார் வைத்திருப்பவர் நடந்து போவாரா? வாசகர் கேள்விகளும் பதில்களும்

இந்த முறை வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் ஒரே ரகம்: "இப்படி ஒரு தீர்ப்பு வந்ததாமே, உண்மையா?" தீர்ப்பைப் படித்துவிட்டுக் கேட்டவர்கள் இரண்டு பேர்தான். அவர்களுக்கு நன்றி. மற்றவர்களுக்கு வழக்கமாகச் சொல்வதையே சொல்கிறேன்: முதலில் தீர்ப்பு, பிறகு அதைப் பற்றிய பேச்சு.

கே: மருத்துவக் கல்லூரியில் இடம் மறுக்கப்பட்ட சம்பகம் துரைராஜன் போட்ட வழக்கால்தானே வகுப்புவாரி ஆணை ரத்தானது? பட்டிமன்றத்துக்காகக் கேட்கிறேன். (கல்லூரி மாணவி, சேலம்)

ப: கல்லூரி இடங்களைச் சாதி, மதவாரியாகப் பங்கிட்ட சென்னை அரசின் அந்த ஆணை ரத்தானது சரி. "இடம் மறுக்கப்பட்ட" என்பது தவறு. அவர் விண்ணப்பமே போடவில்லை. விசாரித்ததில் பிராமணர் என்பதால் இடம் கிடைக்காது என்று தெரியவந்தது என்றுதான் பிரமாணப் பத்திரத்தில் சொல்லியிருந்தார். உச்ச நீதிமன்றம் கேட்டபோதுதான் விண்ணப்பிக்கவில்லை என்பது வெளியே வந்தது. அவர் ஜெயித்தால் ஓர் இடம் ஒதுக்குவதாக அரசு ஏற்கெனவே ஒப்புக்கொண்டிருந்ததால், அந்த ஒரு காரணத்துக்காக மனுவைத் தள்ளவில்லை. விண்ணப்பித்து இடம் கிடைக்காதவர் கூடவே வழக்குப் போட்ட சீனிவாசன். அவர் கேட்டது பொறியியல். 1951 தீர்ப்பிலேயே எல்லாம் இருக்கிறது, சில பக்கங்கள்தான். மேடையில் ஏறும் முன் படித்துவிடுங்கள். அதே ஆண்டு அரசியலமைப்பின் முதல் திருத்தத்தில், பிற்படுத்தப்பட்டோருக்குச் சிறப்பு ஏற்பாடு செய்ய வழிவிடும் 15(4) வந்ததையும் சேர்த்துச் சொல்லுங்கள். அதைச் சொல்லாவிட்டால் பாதிக் கதைதான்.

கே: பெரியாரின் ராமாயண நூலை உத்தரப் பிரதேசத்தில் தடை செய்தது செல்லும் என்றுதானே தீர்ப்பு? (ஈரோடு)

ப: இல்லை. நேர்மாறு. இந்தி மொழிபெயர்ப்பை 1969-ல் பறிமுதல் செய்தார்கள். அலகாபாத் உயர் நீதிமன்றம் அதை ரத்து செய்தது. 1976-ல் உச்ச நீதிமன்றத்திலும் அரசு தோற்றது. எந்தக் காரணத்தால் பறிமுதல் என்று ஆணையில் எழுதவில்லை, அதற்காகவே தோற்றது. நீதிபதி கிருஷ்ணய்யர் எழுதிய தீர்ப்பு.

கே: கீழ்வெண்மணி வழக்கில் "கார் வைத்திருக்கிறவன் நடந்து போய்த் தீ வைப்பானா" என்று ஐகோர்ட் கேட்டதாக வாட்ஸ்அப்பில் வருகிறது. இப்படியும் எழுதுவார்களா? 'குருதிப்புனல்' படித்தேன், பண்ணையாரின் ஆண்மைக் குறைதான் காரணம் என்று புரிந்துகொண்டேன். சரியா? (ஆசிரியர், திருவாரூர்)

ப: முதலாவது, கிட்டத்தட்ட உண்மை. இரண்டாவது, நாவலாசிரியரின் கற்பனை. இரண்டையும் ஒரே மூச்சில் கேட்கிறீர்களே என்பதுதான் என் வருத்தம்.

1968 டிசம்பர் 25 இரவு. கூலியாக அரைப்படி நெல் கூடுதலாகக் கேட்டு நடந்த போராட்டத்தின் தொடர்ச்சி. உயிர் தப்ப ராமையாவின் குடிசைக்குள் ஒண்டிய 44 பேர் எரிந்து போனார்கள், பெரும்பாலும் பெண்களும் குழந்தைகளும். நாகப்பட்டினம் செஷன்ஸ் கோர்ட் 1970-ல் மிராசுதார்களில் சிலருக்குப் பத்து வருடம் கொடுத்தது. 1973-ல் சென்னை உயர் நீதிமன்றம் எல்லோரையும் விடுதலை செய்தது.

சாட்சிகளின் முரண்பாடுகளை உயர் நீதிமன்றம் பேசியது. அது மேல்முறையீட்டில் நடப்பதுதான். என் தொண்டையில் முள்ளாக நிற்பது இன்னொன்று. குற்றம் சாட்டப்பட்டவர்கள் எல்லோரும் மிராசுதார்கள், பெரும் நிலக்காரர்கள், ஒருவர் காரே வைத்திருப்பவர். பழிவாங்க நினைத்திருந்தாலும் வேலையாட்களை விட்டுச் செய்திருப்பார்களே தவிர, தாங்களே நடந்து போய்க் குடிசைகளுக்குத் தீ வைத்தார்கள் என்பது நம்பும்படி இல்லை என்று எழுதினார்கள். வாட்ஸ்அப்பில் வருவது அதன் சுருக்கம்.

மனிதர் சாதாரணமாக எப்படி நடந்துகொள்வார் என்பதை வைத்து அனுமானிக்க பழைய சாட்சியச் சட்டத்தின் 114-வது பிரிவு (இப்போது சாட்சிய அதினியத்தில் 119) நீதிபதிக்கு இடம் கொடுக்கிறது. நல்ல பிரிவு, அது இல்லாமல் வழக்கு நடத்த முடியாது. ஆனால் அந்தச் "சாதாரண மனிதர்" யார் என்பதை நீதிபதி தன் தெருவிலிருந்தும் தன் உறவிலிருந்தும் எடுத்துவிட்டால், தப்பெண்ணம் தர்க்கத்தின் சட்டையைப் போட்டுக்கொண்டு உள்ளே வந்துவிடும். கார் இருப்பது குற்றமற்ற தன்மைக்குச் சாட்சி என்றால், கார் இல்லாதவனுக்கு என்ன சாட்சி? அதே இரவில் பண்ணையார் தரப்பில் ஒருவர் கொல்லப்பட்ட வழக்கில் தொழிலாளிகளுக்குத் தண்டனை விதிக்கப்பட்டது. இரண்டு வழக்குகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படியுங்கள். நான் முதன்முதலில் படித்தது ஜூனியராக இருந்தபோது. அன்று ஒரு சீனியரிடம் கேட்டேன். "எவிடென்ஸ் வீக், அவ்வளவுதான்" என்றார். அந்தப் பதிலை இன்றும் என்னால் ஏற்க முடியவில்லை.

நாவலுக்கு வருகிறேன். இந்திரா பார்த்தசாரதி 1975-ல் எழுதியது, சாகித்ய அகாதமி விருது பெற்றது. கூலிப் போராட்டத்தைத் தனிமனிதனின் உடற்குறைக்குள் சுருக்கிவிட்டார் என்று அப்போதே இடதுசாரிகள் கண்டித்தார்கள். எனக்கும் அந்தக் கண்டனத்தில் உடன்பாடு உண்டு. நாவலை நாவலாகப் படியுங்கள். நாவல் சாட்சி ஆகாது. பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லும் நீங்கள் இதில் இரு மடங்கு கவனமாக இருக்க வேண்டும்.

கே: 'மாதொருபாகன்' நாவல் விஷயத்தில் எழுத்தாளர் பெருமாள் முருகனே அமைதிக் கூட்டத்தில் கையெழுத்துப் போட்டாரே, பிறகு அது எப்படிச் செல்லாமல் போகும்? (நாமக்கல்)

ப: வெளியே கடையடைப்பு, மிரட்டல், உள்ளே வருவாய் அதிகாரி முன்னிலையில் ஒரு காகிதம். 2015 ஜனவரியில் அப்படி வாங்கிய கையெழுத்து யாரையும் கட்டுப்படுத்தாது என்று 2016 ஜூலை 5-ல் சென்னை உயர் நீதிமன்றத் தலைமை நீதிபதி சஞ்சய் கிஷன் கவுலும் நீதிபதி புஷ்பா சத்தியநாராயணாவும் சொன்னார்கள். நூலின் மீது கேட்ட குற்ற நடவடிக்கையும் நிற்கவில்லை. பிடிக்காத புத்தகத்தை மூடி வைக்கலாம், படித்தே ஆக வேண்டும் என்று யாரும் கட்டாயப்படுத்தவில்லை என்பது அதன் சாரம். "எழுதுங்கள்" என்று எழுத்தாளரிடம் சொல்லித் தீர்ப்பு முடிகிறது. 150 பக்கத்துக்கு மேல் இருக்கும், நேரம் ஒதுக்கிப் படியுங்கள். கையெழுத்து எந்த அறையில், யார் சூழ நிற்க வாங்கப்பட்டது என்று பார்க்காமல் அதைச் சம்மதம் என்று சொல்லாதீர்கள்.

கே: ஹார்ப்பர் லீ நாவலில் வருவது போல அமெரிக்காவில் உண்மையில் நடந்ததா? (மதுரை)

ப: 'டு கில் எ மாக்கிங்பேர்ட்' நாவலில் ஒரு கறுப்பினத்தவர் மீது பொய்யாக வல்லுறவுப் பழி விழும். அதைவிட மோசமாக நடந்தது. அலபாமாவில் 1931-ல் ஸ்காட்ஸ்பரோ வழக்கு: ஒன்பது கறுப்பின இளைஞர்கள், வல்லுறவுக் குற்றச்சாட்டு, சில நாட்களில் விசாரணை முடிந்து எட்டுப் பேருக்கு மரண தண்டனை. புகார் சொன்ன இரு பெண்களில் ஒருவர் 1933-ல் அப்படி எதுவும் நடக்கவில்லை என்று கூண்டிலேறிச் சொன்னார். அப்போதும் ஜூரி தண்டித்தது. ஜூரி பட்டியலில் கறுப்பினப் பெயர்கள் உண்டு என்று காட்ட, பிற்பாடு சில பெயர்களைப் பட்டியலில் செருகியிருந்ததாகக் கையெழுத்து நிபுணர் சாட்சி சொன்னார். வாஷிங்டனில் உச்ச நீதிமன்ற நீதிபதிகள் பூதக்கண்ணாடி வைத்து அந்தப் பக்கங்களைப் பார்த்தார்கள். 1935-ல் தண்டனை ரத்தானது. பொய்யும் தப்பெண்ணமும் ஒன்றுக்கொன்று எப்படி முட்டுக்கொடுக்கும் என்று பார்க்க இதைவிடத் துலக்கமான வழக்கு எனக்குத் தெரியாது.

கே: சூதாட்டக்காரர் ஐவி வழக்குப்படி, நமக்குத் தப்பாகப் படாவிட்டாலும் அது நேர்மையின்மைதானா? (சட்ட மாணவர், சென்னை)

ப: இங்கிலாந்தில், ஆம். லண்டன் சூதாட்ட விடுதியில் சீட்டின் முதுகுக் கோலத்தை வைத்து சுமார் 77 லட்சம் பவுண்டு ஜெயித்தார். தான் ஏமாற்றவில்லை என்று உளமார நம்பினார். 2017-ல் பிரிட்டன் உச்ச நீதிமன்ற நீதிபதிகள் அந்த நம்பிக்கை உதவாது என்றார்கள். அவருக்குத் தெரிந்தது என்ன என்று பார்த்துவிட்டு, நாணயமான சாதாரண மனிதரின் அளவுகோலை வைப்பார்கள். தான் செய்வது பிறர் கண்ணில் நேர்மையற்றது என்று அவருக்கே தெரிந்திருக்க வேண்டும் என்ற, 1982-ன் கோஷ் வழக்கின் இரண்டாவது பாதி அத்தோடு போயிற்று. நம்மிடம் "நேர்மையற்று" என்பதற்குச் சட்டத்திலேயே வரையறை உண்டு: முறையற்ற ஆதாயம் அல்லது இழப்பு உண்டாக்கும் எண்ணம். பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் 24-வது பிரிவு, இப்போது பாரதிய நியாய சன்ஹிதாவில் 2(7). ஐவியை இங்கே தேர்வுத்தாளில் எழுதி மதிப்பெண் இழக்காதீர்கள்.

கே: தீர்ப்புகள் எங்கே கிடைக்கும்? (பலர்)

ப: உச்ச நீதிமன்றத்தின் இ-எஸ்சிஆர் தளத்தில் இலவசம், சில தமிழிலும் உண்டு. ஆண்டையும் இரு தரப்புப் பெயரையும் போட்டுத் தேடுங்கள். தலைக்குறிப்போடு, அதாவது மேலே அச்சிடும் சுருக்கத்தோடு, நிறுத்திவிடாமல் உள்ளே போங்கள். சம்பகம் விண்ணப்பிக்கவில்லை என்பது உள்ளேதான் இருக்கிறது.