14 வருஷம் முடிந்தால் விட்டுவிடுவார்களா?

கேள்வி: என் கணவர் கொலை வழக்கில் ஆயுள் தண்டனை பெற்று பாளையங்கோட்டை மத்திய சிறையில் இருக்கிறார். வரும் தை மாதத்தோடு 13 வருடம் முடிகிறது. 14 முடிந்தால் தானாக விட்டுவிடுவார்கள் என்கிறார்கள். ஊரில் ஒருவர், அண்ணா பிறந்தநாள் விடுதலைப் பட்டியலில் பெயர் சேர்க்க 2 லட்சம் கேட்கிறார். நகையை விற்றுக் கொடுக்கலாமா?
- வாசகி, தென்காசி மாவட்டம்

பதில்: சகோதரி, நகையில் கை வைக்காதீர்கள். பட்டியலில் பெயர் சேர்க்கும் வேலை வெளியாள் யார் கையிலும் இல்லை. தண்டனை முடியும் முன்பே கைதியை விடுவிக்கும் முன்விடுதலைக் கொள்கை உள்ள மாநிலத்தில், தகுதிக்கு வந்த கைதி மனுவே போடாவிட்டாலும் அரசு பரிசீலித்தாக வேண்டும் என்று 2025 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

ஆயுள் தண்டனை என்றால் உயிர் உள்ளவரை என்பதுதான் சட்டம். அப்புறம் இந்த 14 எங்கிருந்து வந்தது? மரண தண்டனையும் விதிக்கக்கூடிய குற்றத்தில் ஆயுள் பெற்றவரை 14 வருடம் உள்ளே இருக்காமல் விடக்கூடாது என்று 1978இல் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 433ஏ பிரிவைக் கொண்டுவந்தார்கள். அதற்குப் பதிலாக வந்த புதிய சட்டத்தில் (பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா) அது 475ஆவது பிரிவு. ஆகவே 14 முடிந்தால் கேட்கலாம். கேட்டதும் கொடுத்தாக வேண்டும் என்று எங்கும் இல்லை.

அந்த 14ஐ எண்ணுவதிலும் கவனம் வேண்டும். தீர்ப்புக்கு முன் விசாரணைக் கைதியாக இருந்த நாட்கள் சேரும். நன்னடத்தைக்கும் வேலைக்கும் கிடைக்கும் கழிவு நாட்கள் சேராது. பரோலில் வெளியே இருந்த நாட்களையும் சேர்க்க முடியாது என்று கோவா கைதிகளின் வழக்கில் 2023இல் உச்ச நீதிமன்றம் கூறியது.

அண்ணா பிறந்தநாள் விடுதலை வேறு வழி. அமைச்சரவை பரிந்துரைத்து, அரசியல் சட்டத்தின் 161ஆவது பிரிவில் ஆளுநர் உத்தரவிடுவது. அதற்கு 14 வருடக் கட்டு கிடையாது. அண்ணா நூற்றாண்டான 2008இல் 7 வருடம் முடித்தவர்கள் உட்பட 1,405 ஆயுள் கைதிகள் வெளியே வந்தார்கள். எம்.ஜி.ஆர். நூற்றாண்டுக்காக 2018இல் வந்த அரசாணையில் 10 வருடம் கேட்டார்கள். உங்கள் கணவருக்கு அப்போது 10 ஆகவில்லை. அடுத்தது எப்போது வரும் என்பது அரசின் முடிவு. அதை நம்பி உட்கார்ந்திருக்க வேண்டாம்.

சரி, இந்த ஒரு வருடத்தில் என்ன செய்வது? தீர்ப்பு நகலை எடுத்துப் படிக்கச் சொல்லிக் கேளுங்கள். 'கழிவு இல்லாமல் 20 வருடம்', 'சாகும்வரை' என்று ஏதாவது எழுதியிருந்தால் கணக்கே மாறிவிடும். பல தண்டனைகள் இருந்தால் 'ஏககாலத்தில்' அனுபவிக்க வேண்டும் என்ற சொல் இருக்கிறதா என்று பாருங்கள்.

அடுத்தது வீடு. முன்விடுதலைக் கோப்பு நகரும்போது நன்னடத்தை அலுவலர் ஊருக்கு வந்து விசாரிப்பார். உங்கள் கணவர் வெளியே வந்தால் எங்கே தங்குவார், என்ன பிழைப்பு, இறந்தவர் குடும்பம் என்ன சொல்கிறது என்றெல்லாம் அக்கம்பக்கத்தில் கேட்பார். எனக்குத் தெரிந்த ஒரு அம்மா மகனுக்காக 15 வருடம் காத்திருந்தார். அலுவலர் விசாரணைக்கு வந்த நேரம் அந்த அம்மா செங்கல் சூளை வேலைக்குப் போயிருந்தார். வீடு பூட்டிக் கிடந்தது. 'பொறுப்பேற்க ஆள் இல்லை' என்று அறிக்கை போய்விட்டது. அந்த ஒரு வரியைச் சரிசெய்ய அவருக்கு இரண்டு வருடம் பிடித்தது. அதை நினைத்தால் இன்றும் எனக்கு நெஞ்சு வலிக்கிறது. வேலைக்கு வெளியூர் போவீர்கள் என்றால் பக்கத்து வீட்டில் உங்கள் செல்போன் நம்பரைக் கொடுத்து வையுங்கள். வேலை தர யாராவது முன்வந்தால் கடிதமாக வாங்கி வையுங்கள்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும், கோபித்துக்கொள்ளாதீர்கள். இறந்தவர் வீட்டுக்கும் இது 13 வருடத் துக்கம். அவர்கள் அதே தெருவில் இருந்தால், கணவர் வந்ததும் அங்கேயே இருப்பது இருவருக்கும் நல்லதல்ல. வேறு ஊரில் உறவினர் வீடு இருந்தால் அந்த முகவரியை இப்போதே யோசியுங்கள். சமாதானம் பேசுகிறேன் என்று யாரையும் அவர்கள் வீட்டுக்கு அனுப்பாதீர்கள். மிரட்டல் என்று ஆகிவிடும்.

கோப்பு நிராகரிக்கப்பட்டால் காரணத்தோடு உத்தரவைக் கேளுங்கள். உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்குப் போகலாம். மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழு இலவசமாக வக்கீல் தரும். சிறையில் இருப்பவருக்கு அது சட்டப்படியான உரிமை.

அடுத்த முறை சிறையில் கணவரைப் பார்க்கப் போகும்போது அவரிடம் ஒன்று சொல்லுங்கள்: 14 வருடம் எந்தத் தேதியில் முடிகிறது என்று சிறை அலுவலகத்தில் கேட்டு எழுத்தாக வாங்கி வைக்கட்டும்.